தனித்தாள் இணைக்கவும்

விளையாட்டுச் சாதனைகளுக்கு ஆறு வரி விட்டிருக்கிறார்கள்.
போட்டி, ஊர், ஆண்டு, பெற்ற இடம்.
இடம் போதாவிட்டால் தனித்தாள் இணைக்கவும்.

தணிகைவேல் சார் கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கிறார்:
"முதல் மூணு இடம் மட்டும் எழுதும்மா.
மத்ததெல்லாம் மேல போகாது."

எழுதினேன்.
தேசிய மகளிர் பி பிரிவு, மூன்றாமிடம்.
அகில இந்திய ரயில்வே, தங்கம், இருமுறை.
இரண்டாம் முறை எதிராளிக்கு நல்ல காய்ச்சல்;
அதற்கு அங்கே கட்டமில்லை.

நான்காம் வரியில் பேனா நின்றுவிட்டது.

நான்காம் வரி புடாபெஸ்ட்.
பி.எஃப். கடன், சம்பளமில்லா விடுப்பு,
பெட்டிக்குள் உடைந்து
சட்டையெல்லாம் மணத்த பூண்டு ஊறுகாய்.
கடைசிச் சுற்றில் ஜெயித்தால் மூன்றாவது நார்ம்,
எஸ்தர் நவமணிக்கு முன்னால் மூன்று எழுத்து.
எனக்கு யானையும் இரண்டு சிப்பாய்களும்:
எஃப் வரிசையில் ஒன்று, எச் வரிசையில் ஒன்று.
அவளுக்கு வெறும் யானை.
எட்டிப் பார்த்துவிட்டுப் போனவர்களெல்லாம்
எனக்காகச் சிரித்துவிட்டுப் போனார்கள்.

அவள் ஸ்வெட்டரில் ஒரு பொத்தான் இல்லை.
ஆறு மணி நேரம் அந்த ஓட்டையைப் பார்த்தேன்.
யானையைத் தூர மூலையில் நிறுத்திவிட்டு
எதற்கும் அவசரப்படாமல் இருந்தாள்.
நூற்றுப் பதினெட்டாவது நகர்த்தலில்
கையை நீட்டினாள்.
அரைப் புள்ளி.

பிறகு பத்தொன்பது வருடம்
அதே ஆட்டத்தை ஆடிக்கொண்டிருந்தேன்:
பேசின் பிரிட்ஜ் சிக்னலில் மின்சார ரயில் நிற்கும்போது,
ஸ்கேன் சென்டரில் டோக்கன் எண் வரும்வரை,
ஒரு இழவு வீட்டில், பிளாஸ்டிக் நாற்காலியில்.
கடைசியில் கண்டுபிடித்தது இதுதான்:
நான் எதையும் தவறவிடவில்லை.
அங்கே வெற்றியே இருக்கவில்லை.
இதை ஆறுதல் என்று யாராவது சொன்னால்
அவர்கள் செஸ் ஆடாதவர்கள்.

போன மாதம் வடபழனியில் ஓர் ஓட்டல் மாடி.
ஏ.சி. குளிருக்குப் பாதிப்பேர் துப்பட்டா போர்த்தியிருந்தோம்.
கடைசிச் சுற்று, பத்தொன்பதாம் பலகை.
யுகன், வில்லிவாக்கம், பதின்மூன்று வயது.
ஜெயித்தால் அவனுக்கு நார்ம் என்று
தண்ணீர் பாட்டில் வைக்கும் பையனுக்குக்கூடத் தெரிந்திருந்தது.
கயிற்றுக்கு அப்பால் அவன் அம்மா
மூடிய டிபன் டப்பாவைத் திறந்து திறந்து மூடினாள்.

நாற்பதாவது நகர்த்தலுக்குப் பிறகு பலகை காலியானது.
அவனுக்கு யானையும் இரண்டு சிப்பாய்களும்:
எஃப்பில் ஒன்று,
எச்சில் ஒன்று.

சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன்.

பாவம் என்று தோன்றவில்லை, பொய் சொல்ல மாட்டேன்.
விட்டுக்கொடுப்பதைப் பற்றி நான் நினைக்கவே இல்லை;
நினைக்கும் முன்பே
கை யானையைத் தூர மூலைக்குக் கொண்டுபோயிருந்தது.
ராஜா அவன் சிப்பாய்களுக்கு எதிரே
பூட்டிய கடைமுன் படுத்த நாய்போல்
அசைய மறுத்தது.
என் சுடிதாரில் பொத்தானே கிடையாது.
அவன் எதைப் பார்த்துக்கொண்டிருந்தானோ.

ஒன்பது மணிக்கு நடுவர் மட்டும் மிச்சம்.
ஐம்பது நகர்த்தல் ஆகிவிட்டது என்று
நான்தான் சொன்னேன். எண்ணிப் பார்த்தார். ஆகியிருந்தது.

காகிதத்தில் கையெழுத்திடும்போது யுகன் கேட்டான்:
"இது டிரான்னு உங்களுக்கு முதல்லயே தெரியுமா?"
தெரியும் என்றேன்.
எப்போதிலிருந்து என்று அவன் கேட்கவில்லை.
கை ஐஸ்போல இருந்தது.

இன்று நான்காம் வரியில் எழுதியிருக்கிறேன்:
வடபழனி, நாற்பத்தோராம் இடம்.
தணிகைவேல் சார் அடிக்கப் பேனாவைத் திறக்கிறார்.
இருக்கட்டும் சார் என்கிறேன்.

தனித்தாளாக இரண்டு கார்பன் நகல்.
ஒன்று மஞ்சள், மடிப்பில் கிழிந்தது,
இன்னொன்றில் மை இன்னும் விரலில் ஒட்டுகிறது.
சேர்த்து அடித்த பின் வளைந்து
பின்பக்கமாக நீட்டிக்கொண்டிருக்கிறது.
"குத்தும்மா, பார்த்து" என்கிறார்.